ஒருவருக்கும் சொந்தமில்லாத படம்

1988 ஆம் ஆண்டு மார்கழி மாதம். யாழ்ப்பாணத்தில் இந்திய அமைதிப் படை நிலைகொண்டிருந்த காலம். இரவானால் ஊரடங்கு; விடிந்த பின்னரே தெருவில் கால்வைக்கலாம். உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டுப் பெறுபேற்றுக்காகக் காத்திருந்த எனக்கு அப்போது பதினெட்டு வயது. அயலிலுள்ள இளைஞர்கள் சேர்ந்து காசு போட்டு, நகரத்து வீடியோக் கடை ஒன்றிலிருந்து தொலைக்காட்சிப் பெட்டியையும் டெக்கையும் ஓர் இரவுக்கு வாடகைக்கு எடுத்து வந்தோம். மூன்று தமிழ்ப் படங்களுக்குத்தான் பணம் கொடுத்தோம். நான்காவது கசெற்றைக் கடைக்காரர் தாமாகவே பைக்குள் போட்டார்.

"இதையும் கொண்டுபோங்கோ தம்பியவை. இங்கிலீசுப் பேய்ப்படம். ஒருத்தரும் எடுக்கிறேல்லை."

மூன்று படங்களும் முடிய நள்ளிரவு தாண்டி இரண்டு மணி. ஊரடங்கு நீங்கும்வரை ஒருவரும் வீட்டுக்குப் போக முடியாது. வேறு வழியின்றி நான்காவது கசெற்றைப் போட்டோம். கறுப்பு வெள்ளைப் படம். பிரதியின் மேற் பிரதியாக எடுக்கப்பட்டதால் முகங்கள் மாவு பூசியவை போலத் தெரிந்தன. 'நைட் ஒஃப் த லிவிங் டெட்' என்பது அதன் பெயர். 1968 இல் அமெரிக்காவின் பிற்ஸ்பேர்க் நகரத்து இளைஞர் சிலர், ஜோர்ஜ் ஏ. ரொமேரோவின் இயக்கத்தில், ஏறத்தாழ 1,14,000 டொலர் செலவில் எடுத்த படம் என்பதெல்லாம் நான் பின்னாளில் அறிந்துகொண்டவை.

கதை எளியது. இறந்தவர்கள் எழுந்து வந்து மனிதரைத் தின்கிறார்கள். ஏழு பேர் ஒரு பண்ணை வீட்டில் அகப்பட்டுக்கொள்கிறார்கள். கதவுகளுக்கும் யன்னல்களுக்கும் பலகை அறைகிறார்கள். நிலவறைக்குள் இறங்குவதா, மேலே நின்று எதிர்ப்பதா என்று தமக்குள்ளே சண்டை பிடிக்கிறார்கள். இடையிடையே வானொலி பேசுகிறது. முதலில் வீட்டுக்குள்ளேயே இருங்கள் என்கிறார்கள். பிறகு தொலைக்காட்சியில், பாதுகாப்பு நிலையங்களுக்குச் செல்லுங்கள் என்கிறார்கள். அதை நம்பி வெளியே ஓடியவர்கள் எரிந்து சாகிறார்கள்.

அன்றிரவு எங்களுடன் என் பெரியம்மாவின் மகனும் இருந்தார். நான் அவரை அண்ணை என்றே அழைப்பேன். கொழும்பில் படித்தவர், நல்ல ஆங்கிலம். படத்தில் வரும் வானொலிச் செய்திகளை அவர் உடனுக்குடன் தமிழாக்கினார், அதுவும் இலங்கை வானொலிச் செய்தி வாசிப்பாளரின் குரலில்: "பொதுமக்கள் வீடுகளை விட்டு வெளியே வரவேண்டாமெனக் கேட்டுக்கொள்ளப்படுகின்றனர்." முதலில் விழுந்து விழுந்து சிரித்தோம். சிறிது நேரத்தில் சிரிப்பு அடங்கியது. ஓராண்டுக்கு முன்னர்தான், 1987 ஐப்பசியில், நாங்களும் வீட்டில் இருப்பதா கோயிலுக்கு ஓடுவதா என்று வானொலிப் பெட்டியைச் சுற்றி நின்று வாதிட்டோம். நல்லூர்க் கோயிலிலும் பாடசாலைகளிலும் மக்கள் தஞ்சமடைந்திருந்த நாட்கள் அவை. பண்ணை வீட்டின் பலகை அறைந்த யன்னல்கள் எங்களுக்கு அந்நியமானவையாக இருக்கவில்லை.

அந்தப் படத்தின் ஒலியை நான் கசெற்றில் பதிவு செய்தேன். இன்றைய தலைமுறைக்கு இது வேடிக்கையாகத் தோன்றலாம். நாங்கள் படங்களைக் காதாற் பார்த்து வளர்ந்தவர்கள். 'பராசக்தி'யையும் 'வீரபாண்டிய கட்டபொம்ம'னையும் திரையிற் காண்பதற்கு முன்பே கதைவசன இசைத்தட்டுகளிலிருந்தும் கோயில் ஒலிபெருக்கிகளிலிருந்தும் மனனம் செய்தவர்கள். கே.எஸ். ராஜாவின் 'திரை விருந்து' கேட்டே படங்களைத் தெரிவு செய்தவர்கள். ஆகவே தொலைக்காட்சிப் பெட்டியின் முன் ஒலிப்பதிவுக் கருவியை வைத்துப் பொத்தானை அழுத்துவது எனக்குப் பழக்கமான காரியம். என்னிடம் இருந்தது 90 நிமிடக் கசெற். படமோ 96 நிமிடம். கடைசிச் சில நிமிடங்கள் நாடாவில் இடம்பெறவில்லை.

அந்தக் கடைசி நிமிடங்கள்தான் படத்தின் உயிர். டுவேன் ஜோன்ஸ் என்ற கறுப்பின நடிகர் ஏற்ற பென் என்னும் பாத்திரம் இரவு முழுவதும் போராடித் தனியொருவனாகத் தப்புகிறான். விடிகிறது. மீட்க வந்தவர்கள் யன்னலில் தெரிந்த அவனைப் பேயென்று எண்ணிச் சுட்டு விழுத்துகிறார்கள். என் கசெற்றிலோ பென் சாகவில்லை. நாடா தீர்ந்துபோகும் வரை அவன் உயிரோடிருந்தான்.

1989 இல் என் பள்ளித் தோழன் ஒருவன் அந்தக் கசெற்றைக் கேட்டான். "ஒரு பிரதி அடிச்சுத் தாடா" என்றான். நான் கொடுக்கவில்லை. இப்படியொன்று யாழ்ப்பாணத்தில் என்னிடம் மட்டுமே இருக்கிறது என்ற பெருமை எனக்கு. அடுத்த ஆண்டு அவன் ஒரு பை நிறையக் கசெற்றுகளுடன் ஜேர்மனிக்குப் போய்ச் சேர்ந்தான்.

1990 ஆனியில் மீண்டும் போர் மூண்டது. அந்நாட்களில் கொழும்புக்குப் புறப்பட்ட அண்ணை போய்ச் சேரவில்லை. அவருக்கு என்ன நேர்ந்தது என்பதை எங்கள் குடும்பம் இன்றுவரை அறியாது. நிழற்படங்கள் இருந்தன. குரல் இருந்தது அந்த ஒரு கசெற்றில் மட்டுமே.

மின்சாரம் இல்லை, பொருளாதாரத் தடையால் பற்றரியும் இல்லை. சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, மிதியைக் கையாற் சுற்றி, டைனமோவின் மின்சாரத்தில் பாட்டுக் கேட்ட காலம் அது. பெரியம்மா மாலை வேளைகளில் வருவார். "தம்பி, அதை ஒருக்காப் போடு" என்பார். எதையென்று கேட்க வேண்டியதில்லை. நான் மிதியைச் சுற்றுவேன். அவர் சுவரிற் சாய்ந்திருந்து தன் மகன் செய்தி வாசிப்பதைக் கேட்பார். என் கை சோர்ந்தால் அண்ணையின் குரல் தடித்து இழுபடும். பெரியம்மா நிமிர்ந்து பார்ப்பார். நான் மீண்டும் வேகமாகச் சுற்றுவேன்.

1995 ஒக்டோபர் 30 ஆம் திகதி வலிகாமம் முழுவதும் தென்மராட்சியை நோக்கி நகர்ந்தபோது, சான்றிதழ்கள், அம்மாவின் நகைகள், சிறிது அரிசி ஆகியவற்றையே எடுத்துச் சென்றேன். கசெற்றுகள் இருந்த பிஸ்கற் தகரம் அலுமாரியின் மேல் நின்றது. சில நாட்களில் திரும்பிவிடுவோம் என்றே எல்லோரும் நம்பினோம். மறு ஆண்டு திரும்பியபோது வீட்டுக்குக் கூரையும் இல்லை, அலுமாரியும் இல்லை.

*

2007 இல் ஓர் இரவு. கொழும்பில் பத்திரிகை அலுவலகத்தில் இரவுக் கடமை. பக்கங்கள் அச்சுக்குப் போன பிறகு, கணினியில் அந்தப் படத்தின் பெயரைத் தட்டிப் பார்த்தேன். இன்டர்நெட் ஆர்க்கைவ் என்னும் இணைய ஆவணகத்தில் முழுப் படமும் இருந்தது. பணம் கேட்கவில்லை, அனுமதியும் கேட்கவில்லை. யாரும் பார்க்கலாம், யாரும் தரவிறக்கலாம். அலுவலகத்தின் மெதுவான இணைப்பில் அது இறங்கி முடிய விடியற்காலை ஆகிவிட்டது.

காதில் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு பார்த்தேன். கதவைப் பலகையால் அறையும் ஓசை, இருட்டில் எழும் இசை, வானொலி அறிவிப்பாளரின் குரல் எல்லாம் அப்படியே இருந்தன. அறிவிப்பாளர் பேசி நிறுத்திய ஒவ்வோர் இடத்திலும் நான் காத்திருந்தேன். தமிழ் வரவில்லை. கடைசியில் பென் சுடப்பட்டு இறந்தான். பெரியம்மாவும் அப்போது உயிரோடு இல்லை.

அந்த வாரமே ஜேர்மனியிலுள்ள தோழனுடன் தொலைபேசியிற் பேசினேன். அவன் 1990 இல் கொண்டுபோன கசெற்றுகள் எல்லாம் இன்னும் நன்றாக இருப்பதாகச் சொன்னான். நான் பிரதி கொடுக்க மறுத்த கதையை அவன் மறந்துவிட்டிருந்தான். நான் நினைவூட்டவில்லை.

உலகின் எங்கோ ஒரு மூலையில் எடுக்கப்பட்ட மலிவான பேய்ப்படம் ஒன்று எப்படி இவ்வளவு பத்திரமாக இருந்தது? பத்திரிகைக்காரனுக்கே உரிய குடைச்சலுடன் தேடத் தொடங்கினேன். கிடைத்த விடை விசித்திரமானது. அந்தப் படம் பிழைத்தது ஒரு தவறினால்.

1909 ஆம் ஆண்டின் அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டம் அப்போது நடைமுறையில் இருந்தது. வெளியிடப்படும் பிரதியில் உரிமை அறிவித்தல் இருக்கவேண்டும் என்பது அதன் நிபந்தனை. அறிவித்தல் இன்றி வெளியானால் உரிமை போய்விடும். ரொமேரோ குழுவினர் படத்துக்கு முதலில் இட்ட தலைப்பு வேறு. விநியோகித்த நிறுவனம் தலைப்பை மாற்றியது. பழைய தலைப்பு அட்டையில் இருந்த உரிமை அறிவித்தல் புதிய அட்டையில் இடம்பெறவில்லை. ஓர் அட்டையில் ஒரு வரி விடுபட்டது. படம் வெளியான நாளிலிருந்தே அமெரிக்காவிற் பொதுச்சொத்தாகிவிட்டது.

அதன் விளைவு என்ன? பிரதி கையிற் கிடைத்தவரெல்லாம் திரையிட்டார்கள். தொலைக்காட்சி நிலையங்கள் நள்ளிரவுகளில் ஒளிபரப்பின. வீடியோக் காலம் வந்ததும் சிறிய நிறுவனங்கள் பலவும் ஆளுக்கொரு கசெற்றாக வெளியிட்டன. யாழ்ப்பாணத்து வீடியோக் கடையின் தட்டில் ஒருவரும் எடுக்காமற் கிடந்த அந்தப் பிரதியும் இந்த வெள்ளத்தில் ஒதுங்கிய துரும்பாகத்தான் இருக்கவேண்டும். அதை எடுத்தவர்களுக்கோ நியாயமான வருமானம் கிடைக்கவில்லை. இதனை நான் சிறிய விடயமாகக் கருதவில்லை. முப்பது ஆண்டுகளாக எழுதிப் பிழைப்பவன் நான். என் கட்டுரைகளைப் பெயர் நீக்கி வெளியிட்டவர்களைக் கண்டவன். உழைத்தவன் கூலி இழப்பது எந்த நியாயத்தாலும் சரியாகாது.

ஆயினும் இன்னொரு பக்கமும் உண்டு. ஆங்கிலத்தில் 'கல்ட்' படம் என்பார்கள். விருதுகளாலோ பெரு வசூலாலோ அல்லாமல், ஒரு கூட்டத்தாரின் தீராத பற்றினால் உயிர்வாழும் படம் என்று அதனை விளக்கலாம். அத்தகைய கூட்டம் உருவாகப் படம் முதலில் கைக்கெட்ட வேண்டும். இந்தப் படம் எட்டியது. 1970 இல் நியூயோர்க் நவீன கலை அரும்பொருளகம் அதனைத் திரையிட்டது. 1999 இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அது இடம்பெற்றது. இணைய ஆவணகத்தில் மிக அதிகமாகத் தரவிறக்கப்பட்ட படங்களுள் ஒன்றாகவும் அது விளங்குகிறது.

படத்தின் இசைக்கும் இதே போன்றதொரு வரலாறு உண்டு. இசையமைப்பாளரை அமர்த்தப் பணம் இருக்கவில்லை. கப்பிற்றல் நிறுவனம் 'ஹை-கியூ' என்ற பெயரில் ஓர் இசை நூலகம் வைத்திருந்தது. பயம், ஓட்டம், சோகம் என வகை பிரித்து முன்கூட்டியே பதிவு செய்த துண்டுகளை அதிலிருந்து வாடகைக்குப் பெறலாம். படத்தில் ஹரி கூப்பர் என்னும் பாத்திரமாக நடித்த கார்ல் ஹார்ட்மன், இலத்திரனியல் ஓசைகளை உருவாக்கும் பணியையும் ஏற்றார். படத்தில் ஒலிக்கும் இசைத் துண்டுகள் சில 1959 இல் வெளிவந்த 'டீனேஜர்ஸ் ஃப்ரொம் அவுட்டர் ஸ்பேஸ்' என்ற மலிவான படத்திலும் கேட்கின்றன. பழைய சட்டையை வெட்டித் தைத்த புதுச் சட்டை எனலாம். ஆனால் நான் உட்பட அந்தப் படத்தை நேசிப்பவர்களுக்கு அது அந்தப் படத்தின் இசைதான். 1982 இல் அது தனி இசைத்தட்டாகவும் வெளிவந்தது. எந்தத் துண்டு எந்த நாடாவிலிருந்து வந்தது என்று இரசிகர்கள் ஒவ்வொன்றாகத் தேடிப் பொருத்தினார்கள். ஊதியமற்ற அந்த உழைப்பை எந்தப் பல்கலைக்கழக ஆய்வுக்கும் குறைந்ததாக நான் மதிக்கவில்லை.

ஆனால் பிரதிகள் பல இருந்தால் மட்டும் போதுமா? போதாது. நான் 1988 இல் பார்த்ததும் 2007 இல் பார்த்ததும் தேய்ந்த பிரதிகளே. மூல நெகடிவ்வைப் படத்தை எடுத்தவர்கள் கவனமாகப் பேணி வைத்திருந்தார்கள். நவீன கலை அரும்பொருளகமும் மார்டின் ஸ்கோர்செஸி நிறுவிய திரைப்பட அறக்கட்டளையும் சேர்ந்து அதனை உயர்தரத்தில் மீட்டெடுத்தன. படமும் ஒலியும் ரொமேரோ முதலிய மூலக் கலைஞர்களின் மேற்பார்வையிலேயே சீர்செய்யப்பட்டன. 2016 நவம்பரில் புதிய பிரதி திரையிடப்பட்டது. 2017 யூலையில் ரொமேரோ காலமானார். தாம் இருபத்தெட்டு வயதில் எடுத்த படத்தை அதன் முழுத் தெளிவுடன் பார்த்துவிட்டுத்தான் அவர் போனார். இந்த மீட்பைப் பல கரங்கள் ஏற்றதற்கு, பொதுச்சொத்தாகிப் பரவியதால் அந்தப் படம் பெற்றிருந்த புகழே காரணம் என்பது என் துணிபு. பரவிய பிரதிகள் படத்தை நினைவில் வைத்திருந்தன. பேணிய மூலம் அதன் முகத்தைத் திருப்பித் தந்தது.

இதற்கு முன்னோடியான கதையொன்றும் உண்டு. 1922 இல் ஜேர்மனியில் முர்னாவ் எடுத்த 'நொஸ்ஃபெராட்டு', 'டிராகுலா' நாவலை அனுமதியின்றித் தழுவியது. நாவலாசிரியரின் மனைவி வழக்குத் தொடுத்தார். பிரதிகள் அனைத்தையும் அழிக்குமாறு நீதிமன்றம் கட்டளையிட்டது. ஆனால் அதற்குள் பிரதிகள் எல்லை கடந்துவிட்டிருந்தன. அவற்றினால் படம் பிழைத்தது. ஹான்ஸ் எர்ட்மன் அந்தப் படத்துக்காக அமைத்த இசையின் பெரும்பகுதியோ தொலைந்தது. படச்சுருள் பலரின் கைக்குப் போனது; இசைத் தாள்கள் போகவில்லை. இன்று நாம் கேட்பவை எஞ்சியதைக் கொண்டு மீளக் கட்டியவையும் பின்வந்தோர் புதிதாக அமைத்தவையுமே.

*

இவற்றை வாசிக்கும்போதெல்லாம் என் மனம் நம் நாட்டையே சுற்றிவந்தது. 1981 இல் யாழ்ப்பாணப் பொது நூலகத்தில் 97,000 நூல்கள் எரிந்தன. வேறெங்கும் பிரதியில்லாத ஏடுகளும் அவற்றுள் இருந்தன. 1983 யூலையில் ஹெந்தளையில் இருந்த விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது. அங்கே வைக்கப்பட்டிருந்த படங்களின் நெகடிவ்களும் சாம்பலாகின. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'நிதானய'வை எடுத்துக்கொள்வோம். அந்தப் பெரும் படைப்பின் மூல நெகடிவ் கூட மிஞ்சவில்லை. எஞ்சிய பிரதியைக் கொண்டே 2013 இல் அதனை மீட்டார்கள். அதற்குத் துணைநிற்க உலக அமைப்புகள் இருந்தன. இலங்கைத் தமிழ்ப் படங்களுக்கு அந்த வாய்ப்பும் குறைவு. 1962 இன் 'சமுதாயம்' தொடக்கம் எம்மவர் எடுத்த படங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். தர்மசேன பத்திராஜ யாழ்ப்பாணத்தில் எடுத்த 'பொன்மணி' 1977 இல் வெளியானபோது ஓடவில்லை. இன்று அதைப் பற்றிப் பேசுவோரிடம் காணும் பற்று, பிற்ஸ்பேர்க் படத்தின் இரசிகர்களுக்கு இருப்பதிற் சற்றும் குறைந்ததல்ல. நமக்கும் 'கல்ட்' படங்கள் உண்டு. கைக்கெட்டும் பிரதிகள்தான் இல்லை.

தீயையும் போரையும் குறை கூறுவது எளிது. இனி நான் என்னைப் பற்றிச் சொல்லவேண்டும்.

1998 இல் ஞாயிறு மலருக்காக ஓர் ஒலிப்பதிவாளரைச் செவ்வி கண்டேன். கொழும்பை அண்டிய படப்பிடிப்புக் கூடங்களில் நீண்ட காலம் உழைத்தவர். சிங்களப் படங்களிலும் சில தமிழ்ப் படங்களிலும் பணிபுரிந்தவர். பாடகரும் வாத்தியக்காரரும் ஒரே அறையில் ஒன்றாக நின்று பாடலை ஒரே மூச்சில் பதிவு செய்த முறையையும், கடைசி அடியில் ஒருவர் தவறினால் எல்லோரும் தொடக்கத்துக்குப் போகவேண்டிய சங்கடத்தையும் அவர் விவரித்தார். இனி ஒருவரும் பார்க்க முடியாத படங்களின் பின்னணி இசையை வாயாலேயே முணுமுணுத்துக் காட்டினார். இரண்டு கசெற்றுகள் நிறைந்தன. பத்திரிகையில் ஒரு பக்கத்துக்குத்தான் இடமிருந்தது. மிகுதியை என் அலுமாரியில் வைத்துப் பூட்டினேன். அவ்வாறு சேர்ந்த கசெற்றுகள் காலப்போக்கில் அறுபதைத் தாண்டின.

2012 இல் ஓர் இளைஞர் என்னைத் தேடி வந்தார். பழைய ஒலிப்பதிவுகளை எண்மியமாக்கி இணையத்தில் ஏற்றும் தன்னார்வலர். "சேர், உங்கட கசெற்றுகளைத் தந்தால் மாற்றிப்போட்டுத் திருப்பித் தாறன். பெட்டியை நானே தூக்கிக்கொண்டு போய், நானே கொண்டுவந்து தருவன்" என்றார். நான் மறுத்துவிட்டேன். ஒரு முறை இழந்தவன் நான். இவை என் கையை விட்டுப் போகக்கூடாது என்று எனக்குள் நியாயம் சொல்லிக்கொண்டேன். என்றாவது ஒரு நூல் எழுதலாம் என்ற எண்ணமும் இருந்தது. அந்த இளைஞர் மரியாதையாகத் தேநீர் குடித்துவிட்டுப் போனார். 1989 இல் தோழனுக்குச் சொன்ன அதே பதிலைத்தான் சொன்னேன் என்பது அப்போது எனக்கு உறைக்கவில்லை.

2019 இல் கனடாவிலிருந்து ஒரு மின்னஞ்சல் வந்தது. அந்த ஒலிப்பதிவாளரின் மகள் எழுதியிருந்தார். தந்தையார் பத்து ஆண்டுகளுக்கு முன்னர் காலமாகிவிட்டார். "அங்கிள், வாழ்நாள் முழுக்க மற்ற ஆக்களின்ர குரலைப் பதிஞ்ச அப்பாவின்ர குரல் எங்களிட்ட ஒரு நிமிஷம்கூட இல்லை. நீங்கள் செவ்வி எடுத்தனீங்கள் எண்டு அம்மா சொன்னா."

அலுமாரியைத் திறந்தேன். கொழும்பின் ஈரக் காற்றில் இருபது ஆண்டுகள். நாடாச் சுருள்களின் மேல் வெண்பூஞ்சணம் படர்ந்திருந்தது. சிலவற்றில் நாடாவை அழுத்திப் பிடிக்கும் சிறு கம்பளித் துண்டு உதிர்ந்து கிடந்தது. வெட்கத்தை விட்டு அந்த இளைஞரையே அழைத்தேன். ஏழு ஆண்டுகளுக்கு முந்திய மறுப்பை நினைவில் வைத்திருந்தாலும் அவர் காட்டிக்கொள்ளவில்லை. தூய்மைப்படுத்தி, நாடாவைப் புதிய கூட்டுக்கு மாற்றி, பல நாட்கள் போராடினார். முதற் கசெற்றின் பெரும்பகுதி கிடைத்தது. இரண்டாவது சுற்றச் சுற்ற ஒட்டி அறுந்தது. அவர் இசையை முணுமுணுத்துக் காட்டிய பகுதி அந்த இரண்டாவது கசெற்றில்தான் இருந்தது.

என் வீட்டில் தீ மூளவில்லை. எவரும் குண்டு போடவில்லை. 1995 இல் எனக்கு நேர்ந்ததை நானே பூட்டும் திறப்புமாக நின்று இன்னொரு பிள்ளைக்குச் செய்திருந்தேன்.

கிடைத்ததை அனுப்பிவைத்து, நடந்ததை ஒளிக்காமல் எழுதினேன். இரண்டு நாள் கழித்துப் பதில் வந்தது: "அப்பா இருமுற சத்தம்கூட இருக்கு அங்கிள். காணும்." காணாது என்பது எனக்குத் தெரியும். அந்தப் பிள்ளையின் பெருந்தன்மை அது.

மிகுதிக் கசெற்றுகள் எல்லாவற்றையும் அந்த இளைஞரிடம் ஒப்படைத்தேன். முக்காற்பங்கு காப்பாற்றப்பட்டது. பேசியவர்களிடமோ அவர்தம் குடும்பத்தாரிடமோ சம்மதம் பெற்றவை இணையத்திற்குப் போயின. சம்மதம் கிடைக்காதவை பிரதிகளாக மட்டும் பேணப்படுகின்றன. பேணுவதும் பகிரங்கப்படுத்துவதும் வெவ்வேறு காரியங்கள். முன்னதற்கு எவரும் காத்திருக்கத் தேவையில்லை.

இணையத்தில் ஏற்றிவிட்டால் எல்லாம் நிலைத்துவிடும் என்றும் நான் சொல்லமாட்டேன். 1996 இல் புரூஸ்டர் கால் தொடக்கிய இன்டர்நெட் ஆர்க்கைவ் 2024 ஒக்டோபரில் இணையத் தாக்குதலுக்கு உள்ளானது. பயனர் கணக்குகள் 3 கோடியே 10 இலட்சத்தின் விபரங்கள் திருடப்பட்டன. பல நாட்கள் தளம் முடங்கிக் கிடந்தது. பழைய 78 சுழற்சி இசைத்தட்டுகளை எண்மியமாக்கும் அதன் திட்டத்துக்கு எதிராகப் பெரிய இசை நிறுவனங்கள் 2023 இல் தொடுத்த வழக்கு, 2025 இல் இணக்கமாக முடியும்வரை அந்த நிறுவனத்தின் இருப்பையே அச்சுறுத்தியது. இணைய ஆவணகமும் ஒரு பெட்டிதான். மிகப் பெரிய பெட்டி, அவ்வளவே. 2005 முதல் ஈழத்து நூல்களையும் ஆவணங்களையும் எண்மியமாக்கிவரும் நூலகம் திட்டத்தை நான் போற்றுவதற்குக் காரணம், அங்கிருப்பதை எவரும் தரவிறக்கித் தம் வீட்டிலும் வைத்துக்கொள்ளலாம் என்பதே. ஓரிடத்தில் இருப்பது எரியும். ஒன்பது இடங்களில் இருப்பதை எரிப்பது கடினம். 1981 இல் நாம் கற்றிருக்கவேண்டிய பாடம் இது. நான் கற்றுக்கொண்டது 2019 இல்.

இதை வாசிப்பவர்களுள் ரொறன்ரோவிலும் இலண்டனிலும் பாரிசிலும் சிட்னியிலும் இருப்போர் பலர். ஊரைவிட்டு வரும்போது கொண்டுவந்த கசெற்றுப் பெட்டி உங்கள் வீட்டு நிலவறையிலோ கராஜிலோ இருக்கக்கூடும். வானொலியிற் பதிந்த பாட்டுகள், கலியாண வீட்டு வீடியோ, கோயில் திருவிழாவில் ஓடிய படத்தின் வசனம் என்று அதில் என்னவும் இருக்கலாம். பாட்டுக்கு நடுவே யாரோ கதவைத் திறந்து வந்து பேசியிருப்பார்கள். அன்று அதைக் குறையென்று நினைத்திருப்பீர்கள். தயவுசெய்து இந்த வார இறுதியில் அந்தப் பெட்டியைத் திறந்து பாருங்கள். ஒரு பிரதி எடுங்கள். கேட்பவருக்குக் கொடுங்கள்.

பென் விடியும்வரை உயிரோடிருந்த அந்தக் கசெற்றை நான் இனித் தேடப்போவதில்லை. அதற்கு இரண்டாவது பிரதி இல்லை. ஒருவன் கேட்டான், நான் கொடுக்கவில்லை.